காலியான நாற்காலிக்கு ஆள் நியமிக்க முடியாது: அமெரிக்கக் குடியரசின் முதல் இடைத்தேர்தல்கள்

1801 பிப்ரவரி 11. வாஷிங்டனில் பனி கொட்டிக்கொண்டிருந்தது. தாமஸ் ஜெபர்சனும் ஆரன் பரும் குடியரசுத் தலைவர் தேர்தலில் தலா 73 வாக்குகள் பெற்றுச் சமநிலையில் நின்றதால், முடிவு பிரதிநிதிகள் சபையின் கைக்கு வந்திருந்தது. அங்கே உறுப்பினருக்கு ஒரு வாக்கு என்ற கணக்கு கிடையாது, மாநிலத்துக்கு ஒரு வாக்கு. மொத்தம் 16 மாநிலங்கள். ஜெயிக்க 9 வேண்டும். மேரிலாந்தின் ஜோசப் நிக்கல்சன் கடும் காய்ச்சலில் இருந்தார். அவர் வராவிட்டால் மேரிலாந்தின் வாக்கு பருக்குப் போய்விடும் என்பதால், அவரைப் பனியில் சுமந்துகொண்டு வந்து சபைக்கு அடுத்த அறையில் கட்டிலில் படுக்க வைத்தார்கள்.

இந்தக் காட்சி பல புத்தகங்களில் வரும். அதே நாளில் சபையில் காலியாகக் கிடந்த ஒரு நாற்காலியைப் பற்றி அவ்வளவாக யாரும் பேசுவதில்லை. ஜார்ஜியா மாநிலத்துக்கு இரண்டு உறுப்பினர்கள். அவர்களில் ஒருவரான ஜேம்ஸ் ஜோன்ஸ் ஒரு மாதத்துக்கு முன்பு, ஜனவரி 11 அன்று, இறந்துவிட்டார். அந்த இடத்துக்கு வேறு யாரும் வந்து சேரவில்லை. எனவே எஞ்சியிருந்த பெஞ்சமின் தாலியாஃபெரோ தனியொருவராக ஜார்ஜியாவின் முழு வாக்கையும் ஜெபர்சனுக்குப் போட்டார். முதல் சுற்றில் ஜெபர்சனுக்கு 8 மாநிலங்கள், பருக்கு 6, இரண்டு மாநிலங்கள் சரிபாதியாகப் பிரிந்து நின்றன. ஜோன்ஸ், ஜெபர்சனை எதிர்த்த பெடரலிஸ்ட் கட்சிக்காரராகவே பட்டியல்களில் இருக்கிறார். அவர் உயிரோடு இருந்து பருக்கு வாக்களித்திருந்தால் ஜார்ஜியாவும் பிரிந்திருக்கும். ஜெபர்சனின் கணக்கு ஏழில் தொடங்கியிருக்கும். அவர் எப்படி வாக்களித்திருப்பார் என்பதை யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனாலும் ஒரு காலியிடம் எவ்வளவு எடை கொண்டது என்பது அன்று சபையில் இருந்த எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

சரி, ஜார்ஜியா ஆளுநர் ஒருவரை நியமித்து அனுப்பியிருக்கலாமே? முடியாது. அரசியல் சாசனம் அதற்கு இடம் தரவில்லை. அந்தத் தடை எங்கிருந்து வந்தது, அதற்கு முதல் தலைமுறை என்ன விலை கொடுத்தது என்பதுதான் இங்கே சொல்ல வந்தது.

1787இல் பிலடெல்பியாவில் எழுதப்பட்ட சாசனம், பிரதிநிதிகள் சபையின் காலியிடங்களுக்கு ஒதுக்கியது ஒரே ஒரு வாக்கியம். ஒரு மாநிலத்தின் பிரதிநிதித்துவத்தில் காலியிடம் ஏற்பட்டால், அந்த மாநிலத்தின் ஆளுநர் அதை நிரப்பத் தேர்தல் ஆணை பிறப்பிக்க வேண்டும். அவ்வளவுதான். எத்தனை நாளுக்குள் என்று இல்லை. தற்காலிக நியமனம் என்ற பேச்சே இல்லை. இந்த ஆணைக்குச் சாசனம் எழுதிய ‘ரிட்’ என்ற சொல் பிரிட்டனிலிருந்து வந்தது; அங்கே மக்களவையில் இடம் காலியானால் ரிட் ஆணை போய்த்தான் இடைத்தேர்தல் நடக்கும். குடியேற்றக் காலத்துச் சட்டமன்றங்கள் பலவற்றிலும் ஆளுநரின் ஆணைப்படிதான் தேர்தல் நடந்துவந்தது. ஆக, அமெரிக்கர்களுக்கு இது கேள்விப்படாத ஏற்பாடு அல்ல.

செனட்டுக்கு விதி வேறு. அன்று செனட்டர்களை மாநிலச் சட்டமன்றங்கள் தேர்ந்தெடுத்தன. சட்டமன்றம் கூடாத காலத்தில் ஒரு செனட்டர் பதவி விலகினாலோ இறந்தாலோ, ஆளுநர் தற்காலிகமாக ஒருவரை நியமிக்கலாம். சட்டமன்றம் அடுத்து கூடும்போது நிரந்தரமாக நிரப்ப வேண்டும். இதையும் சிலர் எளிதில் ஏற்கவில்லை. 1787 ஆகஸ்டில் நடந்த விவாதத்தில், ஆளுநர் நியமிப்பது மக்களிடமிருந்து வெகுதூரம் விலகிப்போகிறது என்று பென்சில்வேனியாவின் ஜேம்ஸ் வில்சன் எதிர்த்தார். செனட்டில் சங்கடமான இடைவெளிகள் விழாமல் இருக்க இது தேவை என்று வர்ஜினியாவின் எட்மண்ட் ராண்டால்ஃப் பதில் சொன்னார். செனட்டில் இடைவெளியைக் கண்டு பயந்தவர்கள், பிரதிநிதிகள் சபையில் அதே இடைவெளியைச் சகித்துக்கொண்டார்கள். அன்று மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த ஒரே மத்திய அமைப்பு அதுதான்; அதில் ஒருவர் கூட மக்கள் வாக்கு இல்லாமல் உட்காரக் கூடாது என்பது அவர்கள் கணக்கு. என்னைக் கேட்டால் அந்தச் சாசனத்தின் மிக உறுதியான ஜனநாயக வரிகளில் இதுவும் ஒன்று. வாக்குரிமை அன்று பெரும்பாலும் சொத்துள்ள வெள்ளை ஆண்களிடமே இருந்தது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். நியூ ஜெர்சியில் சொத்துள்ள மணமாகாத பெண்களும், கைம்பெண்களும், சொத்துள்ள கறுப்பினத்தவரும் 1807 வரை வாக்களித்தார்கள். பிறகு அதுவும் பறிக்கப்பட்டது.

இரண்டு விதிகளும், இரு அவைகளும் சேர்ந்த முதல் நாடாளுமன்றமான முதல் காங்கிரசிலேயே சோதனைக்கு வந்தன. 1790 மார்ச் 12 அன்று வர்ஜினியாவின் செனட்டர் வில்லியம் கிரேசன் இறந்தார். மார்ச் முடிவதற்குள் ஆளுநர் ஜான் வாக்கரை நியமித்துவிட்டார். நவம்பரில் சட்டமன்றம் ஜேம்ஸ் மன்றோவைத் தேர்ந்தெடுத்தது. பின்னாளில் குடியரசுத் தலைவரான அதே மன்றோதான். அந்த ஆண்டு ஜூன் 1 அன்று, அதே வர்ஜினியாவின் பிரதிநிதி தியடோரிக் பிளாண்ட் நியூ யார்க்கில் இறந்தார். பதவியில் இருக்கும்போதே இறந்த முதல் பிரதிநிதி அவர். இங்கே நியமனம் கிடையாது. இடைத்தேர்தலில் வென்ற வில்லியம் பிராஞ்ச் ஜைல்ஸ் சபையில் அமர்ந்தது டிசம்பர் 7 அன்று. ஆறு மாதத்துக்கும் மேல் அந்தத் தொகுதிக்குக் குரல் இல்லை.

ஆனால் அந்த ஆறு மாதமும் முழு இழப்பு என்று சொல்ல முடியாது. காங்கிரஸ் ஆகஸ்ட் 12 அன்று கலைந்துபோய் டிசம்பரில்தான் மறுபடி கூடியது. அன்றைய காலண்டர் அப்படி. பதவிக்காலம் மார்ச் 4 அன்று தொடங்கும். சாசனப்படி கூட வேண்டிய நாளோ டிசம்பர் முதல் திங்கள். நடுவில் ஒன்பது மாத இடைவெளி. வசந்தத்தில் ஒருவர் விலகினால், டிசம்பருக்குள் சாவகாசமாக இடைத்தேர்தல் நடத்திவிடலாம். மரணம் கூட்டத்தொடரின் நடுவில் வந்தால்தான் சிக்கல்.

மரணம் ஒரு பக்கம் இருக்கட்டும். அன்றைய காலியிடங்களில் பெரும் பங்கு ராஜினாமாக்கள். உறுப்பினருக்குக் கூட்டத்தொடர் நடக்கும் நாளுக்கு 6 டாலர் படி. ஊரிலிருந்து நாள் கணக்கில், சில மாநிலங்களிலிருந்து வாரக் கணக்கில், குதிரையிலும் வண்டியிலும் வர வேண்டும். வந்தால் விடுதி அறையை இன்னொருவரோடு பகிர்ந்துகொள்ள வேண்டும். ஊரில் நீதிபதி வேலை கிடைத்தால் மத்தியப் பதவியை விட்டுவிட்டுப் போவது அன்று சாதாரணம். மாசசூசெட்ஸின் சாமுவேல் சூவல் 1800 ஜனவரியில் அப்படித்தான் மாநில உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். அவர் இடத்தில் நேதன் ரீட் வந்து அமர நவம்பர் 25 ஆயிற்று. அன்று காங்கிரஸ் கூடிய பிலடெல்பியாவில் மஞ்சள் காய்ச்சலும் இருந்தது. 1798 கோடையில் அந்த ஊர்ப் பிரதிநிதி ஜான் ஸ்வான்விக்கை அது கொண்டுபோனது. டிசம்பரில் ராபர்ட் வால்ன் அந்த இடத்துக்கு வந்தார்.

ராஜினாமா செய்ய உரிமை உண்டா என்பதே முதலில் ஒரு கேள்வியாக எழுந்தது. இன்று கேட்டால் விசித்திரமாகத் தோன்றும். பிரிட்டிஷ் மக்களவையில் ஓர் உறுப்பினர் நேரடியாக ராஜினாமா செய்ய முடியாது. அரசரின் கீழ் பெயருக்கு ஒரு பதவியை ஏற்று, அதன் மூலம் தகுதி இழந்துதான் வெளியேற வேண்டும். அமெரிக்க சாசனம் செனட் விதியில் ‘ராஜினாமா’ என்ற சொல்லை எழுதியிருக்கிறது. பிரதிநிதிகள் சபை விதியில் அந்தச் சொல் இல்லை. 1791இல் மேரிலாந்தின் வில்லியம் பிங்க்னி விலகி, அவர் இடத்துக்கு ஜான் பிரான்சிஸ் மெர்சர் தேர்வானபோது சபையில் இது விவாதமாயிற்று. ராஜினாமாவால் காலியிடம் உண்டாகுமா என்று சந்தேகம் கிளப்பியவர்களில், ஓராண்டுக்கு முன்பு இடைத்தேர்தலில் வந்த அதே ஜைல்ஸும் ஒருவர். சபை கடைசியில் மெர்சரை ஏற்றுக்கொண்டது. அதற்குப் பிறகு ஒரு பிரதிநிதி தன் மாநில ஆளுநருக்குக் கடிதம் எழுதி விலகலாம் என்பது வழக்கமாகிவிட்டது.

அடுத்த ஆண்டு வந்த ஜார்ஜியா வழக்கில்தான் இந்த விதியின் உள்ளர்த்தம் துலங்கியது என்று நினைக்கிறேன். 1791 ஜனவரியில் நடந்த தேர்தலில், சுதந்திரப் போரின் புகழ்பெற்ற தளபதி அந்தோணி வெய்ன், பதவியில் இருந்த ஜேம்ஸ் ஜாக்சனைத் தோற்கடித்ததாக அறிவிக்கப்பட்டது. ஜாக்சன் விடவில்லை. எஃபிங்ஹாம் கவுண்டியில் தகுதியில்லாதவர்கள் வாக்குப்பதிவை நடத்தியதையும், கேம்டன் கவுண்டியில் முடிவுகள் திருத்தப்பட்டதையும் ஆதாரங்களோடு சபையின் முன் வைத்தார். கேம்டன் விவகாரத்தில் சிக்கிய ஹென்றி ஆஸ்போர்ன் என்ற நீதிபதியை ஜார்ஜியா சட்டமன்றமே குற்றம் சாட்டிப் பதவியிலிருந்து நீக்கியது. 1792 மார்ச்சில் பிரதிநிதிகள் சபை வெய்னின் தேர்தல் செல்லாது என்று எதிர்ப்பே இல்லாமல் முடிவு செய்தது.

அப்புறம் வந்தது கடினமான கேள்வி. மோசடி வாக்குகளைக் கழித்தால் ஜாக்சன்தான் ஜெயித்தவர். அவரையே உட்கார வைத்துவிடலாமா? வாக்கெடுப்பில் 29க்கு 29. சபாநாயகர் ஜானதன் டிரம்புல் தன் வாக்கை எதிராகப் போட்டார். ஜாக்சனுக்கு இடமில்லை. நாற்காலி காலி என்று அறிவித்து, ஜார்ஜியா ஆளுநருக்குத் தகவல் அனுப்பினார்கள். ஜூலையில் இடைத்தேர்தல் நடந்தது. வென்ற ஜான் மில்லெட்ஜ் நவம்பர் 22 அன்று சபையில் அமர்ந்தார். வெய்ன் அதற்குள் அமெரிக்கப் படைக்குத் தளபதி ஆகிவிட்டிருந்தார். ஜாக்சன் அடுத்த ஆண்டு செனட்டுக்குப் போனார்.

ஜாக்சனுக்கு இது அநியாயம் என்று வாதிடலாம். உழைத்து மோசடியை வெளிக்கொண்டுவந்தவர் அவர். அவர் கையில் எதுவும் தரப்படவில்லை. ஆனாலும் அந்த ஒற்றை வாக்கு சரியான பக்கம் விழுந்தது என்பது என் எண்ணம். கறை படிந்த ஒரு வாக்குப்பதிவிலிருந்து ஒரு வெற்றியாளரைக் கணக்குப் போட்டுக் கண்டுபிடிக்கும் வேலையை அந்தச் சபை அன்று தன் கையில் எடுத்துக்கொள்ள மறுத்தது. தேர்தல் கெட்டுவிட்டதா, மறுபடி அந்த ஊர் மக்களிடமே போ என்றது. பிற்காலத்தில் வந்த சபைகள் எல்லா வழக்குகளிலும் இந்த நிதானத்தைக் காட்டவில்லை.

செனட்டில் இதே காலத்தில் என்ன நடந்தது என்று பார்த்தால், இடைவெளி விழாது என்று ராண்டால்ஃப் நம்பியது எவ்வளவு தூரம் பலித்தது என்பது தெரியும். பென்சில்வேனியாவில் வில்லியம் மெக்லேயின் பதவிக்காலம் 1791 மார்ச்சில் முடிந்தது. எப்படித் தேர்ந்தெடுப்பது என்பதில் சட்டமன்றத்தின் இரு அவைகளும் ஒத்துப்போகாமல், 1793 பிப்ரவரியில் ஆல்பர்ட் கலாட்டினைத் தேர்ந்தெடுக்கும்வரை இடம் காலி. டெலவேரில் ஜார்ஜ் ரீட் 1793 செப்டம்பரில் விலகினார். அதன் பின் சட்டமன்றம் கூடிக் கலைந்தது, யாரையும் தேர்ந்தெடுக்கவில்லை. அதற்கப்புறம் 1794 மார்ச்சில் ஆளுநர் கென்சி ஜான்ஸை நியமித்தார். சட்டமன்றம் ஒருமுறை கூடிவிட்ட பிறகு ஆளுநருக்கு அந்த அதிகாரம் இல்லை என்று செனட் அவரைத் திருப்பி அனுப்பியது. 1795 பிப்ரவரி வரை அந்த இடம் சும்மா கிடந்தது. சுமார் 17 மாதம். நியமன வசதி இருந்த அவையில்தான் இந்த நீண்ட வெற்றிடங்கள்.

பிரதிநிதிகள் சபை இடைத்தேர்தல்களில் தாமதத்துக்குக் காரணம் ஒவ்வொரு மாநிலத்திலும் ஒவ்வொன்று. நாள், இடம், முறை எல்லாவற்றையும் மாநிலங்களே வகுத்தன. வர்ஜினியாவில் வாக்காளர் கவுண்டி நீதிமன்ற வளாகத்துக்கு வந்து, எல்லோர் முன்னிலையிலும் வேட்பாளர் பெயரை வாய்விட்டுச் சொல்வார். ஒரு சுற்றில் யார் அதிக வாக்கு வாங்கினாரோ அவர் வென்றார். மாசசூசெட்ஸ் அப்படி இல்லை. அங்கே பாதிக்கு மேல் வாங்கினால்தான் வெற்றி. யாரும் வாங்காவிட்டால் இன்னொரு சுற்று, அதிலும் இல்லையென்றால் மறுபடி. 1789இல் மேற்கு மாசசூசெட்ஸில் தியடோர் செட்ஜ்விக் ஐந்தாவது சுற்றில்தான் ஜெயித்தார். காங்கிரஸ் மார்ச்சில் தொடங்கியிருக்க, அவர் ஜூன் 15 அன்று வந்து சேர்ந்தார். வழக்கமான பொதுத்தேர்தலுக்கே இந்தக் கதி என்றால், இடைத்தேர்தலுக்கு என்ன அவசரம் இருந்திருக்கும்?

சில மாநிலங்களில் காலியிடத் தேர்தலுக்கு நாள் குறிக்கும் சட்டமே இல்லை. பென்சில்வேனியாவில் 1804 அக்டோபரில் வில்லியம் ஹோஜ் விலகியபோது ஆளுநரே தன் ஆணையில் நாள் குறித்தார். வில்லியமின் சகோதரர் ஜான் ஹோஜ் தேர்வானார். சட்டம் சொல்லாத நாளை ஆளுநர் தானாகக் குறிக்கலாமா என்று சபையில் கேள்வி எழுந்தது. குறிக்கலாம் என்று ஜானை ஏற்றுக்கொண்டார்கள். இல்லாவிட்டால் சட்டமன்றத்தின் மறதியால் ஒரு தொகுதியே தன் பிரதிநிதியை இழந்திருக்கும்.

இப்போது 1801 பனிக்காலத்துக்குத் திரும்பலாம். அந்தக் காட்சிக்குப் பின்னால் ஓராண்டாக ஓடிய ஒரு சங்கிலி இருக்கிறது. 1800 மே மாதத்தில் குடியரசுத் தலைவர் ஜான் ஆடம்ஸ் தன் அமைச்சரவையில் இருவரை வெளியேற்றினார்: போர்த்துறைச் செயலர் மெக்ஹென்றி, வெளியுறவுச் செயலர் பிக்கரிங். சாசனப்படி ஒருவர் காங்கிரசிலும் நிர்வாகத்திலும் ஒரே சமயத்தில் இருக்க முடியாது. ஆடம்ஸ் வெளியுறவுச் செயலராகப் பிரதிநிதி ஜான் மார்ஷலை எடுத்தார். அதனால் ஜூனில் அவருடைய தொகுதியான வர்ஜினியாவின் ரிச்மண்ட் காலியானது. போர்த்துறைக்கு செனட்டர் சாமுவேல் டெக்ஸ்டரை எடுத்தார். அவருடைய செனட் இடத்துக்குப் பிரதிநிதி டுவைட் ஃபாஸ்டர் போனார். அதனால் மாசசூசெட்ஸின் வொர்செஸ்டர் தொகுதி காலியானது. மார்ஷலும் ஃபாஸ்டரும் பெடரலிஸ்டுகள், ஆடம்ஸின் கட்சி. இரண்டு இடத்துக்கும் இடைத்தேர்தல் நடந்தபோது இரண்டிலும் ஜெபர்சனின் ஆட்கள் வென்றார்கள். ரிச்மண்டிலிருந்து 25 வயது லிட்டில்டன் வாலர் டேஸ்வெல் நவம்பர் 26 அன்று வந்தார். வொர்செஸ்டரிலிருந்து லெவி லிங்கன் 1801 பிப்ரவரி 6 அன்றுதான் வந்தார், ஃபாஸ்டர் விலகி எட்டு மாதம் கழித்து. அதற்கு மூன்று நாள் முன்பு பென்சில்வேனியாவிலிருந்து ஜான் ஸ்டீவர்ட் வந்திருந்தார். முதல் காங்கிரசிலிருந்தே உறுப்பினராக இருந்த பெடரலிஸ்ட் தாமஸ் ஹார்ட்லி டிசம்பர் 21 அன்று இறக்க, ஆறே வாரத்தில் தேர்தல் முடிந்து வேறு கட்சிக்காரர் வந்து உட்கார்ந்துவிட்டார். மாசசூசெட்ஸுக்கு எட்டு மாதம், பென்சில்வேனியாவுக்கு ஆறு வாரம்!

இந்த மூன்று வெற்றிகளும் எந்த மாநிலத்தின் வாக்கையும் மாற்றவில்லை. வர்ஜினியாவும் பென்சில்வேனியாவும் ஏற்கெனவே ஜெபர்சன் பக்கம். மாசசூசெட்ஸ் லிங்கன் வந்த பிறகும் பர் பக்கம். ஆனால் நாடு எந்தப் பக்கம் சாய்கிறது என்பதை இவை பொதுத்தேர்தலுக்கு வெளியே, தனித்தனித் தொகுதிகளிலிருந்து சொல்லிக்கொண்டே இருந்தன. பிப்ரவரி 11 அன்று அங்கே அமர்ந்திருந்த பெடரலிஸ்டுகள் தங்கள் பழைய தோழர்களின் நாற்காலிகளில் எதிர்க்கட்சிக்காரர்களைப் பார்த்தார்கள்.

இன்னொரு இடைத்தேர்தலின் நிழலும் அங்கே இருந்தது. 1797இல் ஆண்ட்ரூ ஜாக்சன் செனட்டுக்குப் போனதால் டென்னசியின் ஒரே பிரதிநிதி இடம் காலியாக, அதில் வந்தவர் வில்லியம் கிளெய்போர்ன். பிரதிநிதிக்குக் குறைந்தது 25 வயது ஆக வேண்டும் என்கிறது சாசனம். அவர் பிறந்த ஆண்டைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படும் கணக்குகளின்படி அவருக்கு அன்று 25 ஆகவில்லை. யாரும் தடுக்கவில்லை. 1801இல் டென்னசி மாநிலத்தின் முழு வாக்கும் அந்த ஒருவர் கையில் இருந்தது. அதை 36 சுற்றிலும் ஜெபர்சனுக்கே போட்டார்.

பிப்ரவரி 17 அன்று, 36ஆவது சுற்றில், வெர்மான்ட்டின் பெடரலிஸ்ட் உறுப்பினர் விலகி நிற்க, மேரிலாந்தின் பெடரலிஸ்டுகள் வெற்றுச் சீட்டுப் போட, ஜெபர்சன் 10 மாநிலங்களோடு வென்றார். மார்ச் 3 அன்று அந்தக் காங்கிரஸ் முடிந்தது. ஜேம்ஸ் ஜோன்ஸின் நாற்காலி அதுவரை காலியாகவே இருந்தது. மார்ச் 4 அன்று ஜெபர்சன் பதவியேற்றார். மறுநாளே லெவி லிங்கனை அட்டர்னி ஜெனரல் ஆக்கினார். லிங்கன் புதிய காங்கிரசுக்கும் தேர்வாகியிருந்தார். அந்த இடத்தை இப்போது விட வேண்டியதாயிற்று. வொர்செஸ்டர் மக்கள் மறுபடியும் ஓர் இடைத்தேர்தலில் வாக்களித்தார்கள். இந்த முறை பெடரலிஸ்ட் சேத் ஹேஸ்டிங்ஸ் வென்றார். 1802 ஜனவரி 11 அன்று அவர் சபையில் போய் அமர்ந்தார்.